ஜெனரல் ஜார்ஜ் பால்பரும் நம் ஊர் ஏரிகளும்

சரித்திரம் என்றவுடனே முடிசூடிய மன்னரையும், அவர் ஏறிய குதிரையையும், அவர் முற்றுகையிட்ட கோட்டையையுமே நம்மவர் நினைப்பது வழக்கம். விழுப்புரம், திண்டிவனம் பக்கங்களில் வாழும் நமக்கு அவ்வழக்கம் இன்னும் மிகுதி. ஏனெனில் செஞ்சிக்கோட்டை கண்ணெதிரே நிற்க, தேசிங்கு ராஜனுடைய கதையைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஆயினும், நாள்தோறும் நாம் கால்வைத்து நடக்கும் ஏரிக்கரைக்கும் ஒரு சரித்திரம் உண்டென்பதையும், அது கோட்டையின் சரித்திரத்தைக் காட்டிலும் நம் வயிற்றுக்கு அணித்தானதென்பதையும் நாம் எண்ணிப் பார்ப்பதில்லை.

சென்ற ஐப்பசியில் திண்டிவனத்துக்கு அடுத்ததொரு சிற்றூரின் ஏரிக்கரையில் நாம் நின்றிருந்தபோது, உடன் வந்த முதியவர் ஒருவர் இடிந்து கிடந்த மதகைச் சுட்டிக்காட்டி, "தம்பி, எங்கள் பாட்டன் காலத்தில் இதை மராமத்துப் பண்ணினார்கள், அதற்கப்புறம் ஒருவரும் கை வைக்கவில்லை" என்றார். மராமத்து என்னும் அச்சொல் நம் சிந்தையில் தங்கிற்று. அரபு பாரசீக வழியே வந்து தமிழ் மண்ணில் வேர்கொண்ட அச்சொல்லுக்குப் பழுது பார்த்தல் என்பதே பொருள். பொது மராமத்து இலாகா என்று நாம் வழங்கிய இலாகாவின் பெயரிலும் அதுவே உள்ளது. அந்த இலாகா எவ்வாறு பிறந்தது, அதற்கு வித்திட்டவர் யாவர் என்று ஆராயப் புகுந்தபோது, நம் ஊர்களில் ஒருவரும் அறியாத ஒரு பட்டாளத்துத் துரையின் வரலாறு நமக்கு எதிர்ப்பட்டது. பீரங்கிப் படையில் தொடங்கி ஆங்கில நாட்டுப் பாராளுமன்றத்தில் முடிந்த அவ்வாழ்க்கையை இம்மாதம் நம் சங்கத்து அன்பர்களுக்கு எடுத்துரைக்கக் கருதுகிறோம். ஆங்கிலேயர் ஒருவரைப் புகழ வேண்டும் என்பது நம் நோக்கமன்று. பழிக்க வேண்டும் என்பதும் அன்று. அவர் கண்ட ஓர் உண்மை நமக்கு இன்றும் வேண்டியதாயிருக்கிறது. அவர் காணத் தவறியதோ அதனினும் வேண்டியதாயிருக்கிறது.

பிறப்பும் குடும்பமும்

ஸர் ஜார்ஜ் பால்பர் என்பவர் ஸ்காத்லாந்து தேசத்தில் கடற்கரைப் பட்டினமாகிய மாண்ட்ரோஸ் என்னும் ஊரில் 1809-ம் ஆண்டில் பிறந்தார். இவருடைய தாய்மாமன் ஜோஸப் ஹியூம் என்பவர். அவர் இளமையில் கும்பினியாரிடம் வைத்தியராக இந்தியாவில் ஊழியம் செய்து, பொருளீட்டித் திரும்பிய பின் பாராளுமன்ற அங்கத்தினராகி, அரசாங்கச் செலவில் ஒவ்வொரு காசுக்கும் கணக்குக் கேட்பவர் என்று பெயர் பெற்றவர். மந்திரிகள் அவர் எழுந்து நின்றாலே அஞ்சுவார்களாம். மாமனுடைய இக்குணம் மருகனிடத்தும் இறங்கியது என்பதை மேலே காண்போம்.

ஜார்ஜ் பால்பருடைய தம்பி எட்வர்டு பால்பரும் சென்னை இராஜதானிக்கே வந்து பட்டாளத்து வைத்தியராக இருந்தார். 1851-ம் ஆண்டில் சென்னையில் பொருட்காட்சிச் சாலையை நிறுவியவரும், 1855-ல் அங்கே மிருகக் காட்சிச் சாலையைத் தொடங்கியவரும் அவரே. காடுகள் அழிந்தால் நிலத்தின் ஈரமும் மழையும் என்னாகும் என்பதைப் பற்றியும் அவர் எழுதினார். எழும்பூர்ப் பொருட்காட்சிச் சாலையைப் பார்த்துவிட்டு வரும் நம்மவருள் எத்தனை பேர் அச்சகோதரர் இருவரையும் அறிவர்?

பட்டாளத்து நாட்கள்

கும்பினியார் தம் இராணுவ அதிகாரிகளைப் பயிற்றுவித்த அடிஸ்கோம் கல்லூரியில் கற்றுத் தேறி, ஜார்ஜ் பால்பர் 1825-ம் ஆண்டை ஒட்டிச் சென்னைப் பீரங்கிப் படையில் சேர்ந்தார். 1832, 1833-ம் ஆண்டுகளில் மலாக்காவில் நடந்த சண்டையிலும், 1839-ல் கர்நூல் நவாபின்மேல் சென்ற படையிலும் ஊழியம் செய்தார். 1840-ல் சீன தேசத்தின்மேல் ஆங்கிலேயர் தொடுத்த அபின் யுத்தத்துக்கும் சென்றார்.

இந்த யுத்தத்தைக் குறித்து ஒரு சொல் சொல்லாமல் மேற்செல்ல இயலாது. சீன அரசன் தன் குடிகளைக் கெடுக்கும் அபினைத் தடுத்தான் என்பதே அதன் மூலம். அந்தத் தடையை உடைக்கச் சென்ற படையில் நம் சென்னை இராஜதானிச் சிப்பாய்களும் இருந்தனர். 1841-ம் ஆண்டு மே மாதத்தில் காண்டன் நகருக்குப் புறத்தே சென்னை 37-வது சுதேசிக் காலாட்படையின் ஒரு பிரிவு, பெருமழையில் வழிதப்பி, துப்பாக்கி மருந்து நனைந்து சுட இயலாமல், ஆயிரக்கணக்கான சீனக் குடியானவர்களால் சூழப்பட்டு நெடுநேரம் ஈட்டியோடு நின்றது. தன் நிலத்தைக் காக்க வந்த ஒரு குடியானவனும், சம்பளத்துக்காகக் கடல் கடந்த மற்றொரு குடியானவனும் அன்று எதிரெதிரே நின்றார்கள் என்று எண்ணும்போது மனம் கசிகிறது.

அந்த யுத்தத்தில் பால்பருக்கு வாய்த்த வேலை சுடுவது மட்டுமன்று, எண்ணுவதும் ஆகும். கைப்பற்றிய பொருள்களுக்கு ஏஜெண்டாகவும், மீட்புப் பணத்தை வாங்கிக் கணக்கு வைப்பவராகவும் அவர் இருந்தார். 1842-ம் ஆண்டு நான்கிங் உடன்படிக்கையின்படி சீன அரசாங்கம் இரண்டு கோடியே பத்து லட்சம் வெள்ளி டாலர் செலுத்த வேண்டியதாயிற்று. ஐந்து துறைமுகங்களும் அன்னிய வர்த்தகத்துக்குத் திறக்கப்பட்டன. அவற்றுள் ஒன்றாகிய ஷாங்காய்க்கு முதல் ஆங்கிலக் கான்சலாக அனுப்பப்பட்டவர் காப்டன் பால்பரே. 1843-ம் ஆண்டு நவம்பர் மாதம் 17-ந் தேதி அத்துறைமுகம் திறக்கப்பட்டது. 1845-ல் அவ்வூர்ச் சீன அதிகாரியோடு பேசி, ஆங்கிலேயர் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து வாழ்வதற்கான நில ஒழுங்குகளை அவர் ஏற்படுத்தினார். பின்னாளில் ஆசியாவின் பெரு நகரங்களுள் ஒன்றாக வளர்ந்த ஷாங்காயின் அன்னியர் குடியிருப்புக்கு அதுவே அடிப்படை. 1846-ல் அவ்வுத்தியோகத்தை விட்டு நீங்கினார். நிலம், குத்தகை, வரி, கணக்கு ஆகியவற்றில் பழகிய கண்ணோடுதான் அவர் மீண்டும் சென்னைக்கு வந்தார் என்பதை நேயர்கள் நினைவில் வைக்கவேண்டும்.

மூவர் குழு

1849 முதல் 1857 வரை பால்பர் சென்னை இராணுவ போர்டில் அங்கத்தினராயிருந்தார். அக்காலத்தில் இராஜதானியின் கட்டிட வேலைகள் மூன்று கைகளில் சிதறிக் கிடந்தன. படைவீடுகளும் பொதுக் கட்டிடங்களும் இராணுவ போர்டின்கீழ் இருந்தன. ஏரி, கால்வாய், அணை ஆகியவை ரெவினியூ போர்டின்கீழ் இருந்தன. நெடுஞ்சாலைகளுக்கு வேறொரு மேற்பார்வையாளர் இருந்தார். ஒருவர் போட்ட சாலையை மற்றொருவர் வெட்டிய கால் குறுக்கே அறுக்கும். ஏரி உடைந்தால், பணத்துக்கு ஒருவரையும், இஞ்சினீயருக்கு மற்றொருவரையும், உத்தரவுக்கு மூன்றாமவரையும் நாடவேண்டும். உத்தரவு வருமுன்பே கார்த்திகை கழிந்துவிடும்.

1850-ம் ஆண்டில் இலண்டனிலிருந்த கும்பினி டைரக்டர்கள் இராஜதானிதோறும் மூவர் கொண்ட குழுவை அமைத்து, பொது வேலைகளின் நிலையை ஆராய்ந்து சொல்லுமாறு பணித்தார்கள். சென்னைக் குழுவில் இஞ்சினீயராக மேஜர் பிரடெரிக் காட்டனும், ரெவினியூ உத்தியோகஸ்தராகப் போர்டில்லன் துரையும், இராணுவத்தின் சார்பில் மேஜர் ஜார்ஜ் பால்பரும் அமர்ந்தார்கள். இவருள் காட்டன் என்பவர், கொள்ளிடத்திலும் கோதாவரியிலும் அணை கட்டிய ஸர் ஆர்தர் காட்டனுடைய தம்பி ஆவார். இம்மூவரும் 1852-ம் ஆண்டின் இறுதியில் தம் முதல் அறிக்கையைச் சமர்ப்பித்தார்கள்.

அவ்வறிக்கையின் கருத்து நம் ஜில்லாவுக்கு எவ்வளவு பொருந்தும் என்பதை அறிய, முதலில் நம் நிலத்தின் இயல்பை நினைத்துக்கொள்ள வேண்டும். அப்போது விழுப்புரமும் திண்டிவனமும் தென்னார்க்காட்டு ஜில்லாவின் பகுதிகள். விழுப்புரம் தனி ஜில்லாவாகப் பிரிந்தது 1993-ல்தான். தஞ்சையைப் போல் ஆண்டு முழுவதும் ஆற்றுநீர் நம்பும் நாடன்று நம்முடையது. பெண்ணையாறு ஒருபுறம் ஓடினாலும், திண்டிவனம் பக்கத்து நஞ்சையெல்லாம் ஐப்பசி கார்த்திகை மழையைத் தேக்கும் ஏரிகளையே நம்பியது. அந்த ஏரிகளும் தனித்தனியே நிற்பன அல்ல. மேலூர் ஏரி நிறைந்தால் அதன் கலிங்கல் வழியே மிகுநீர் கீழூர் ஏரிக்கு இறங்கும். அது நிறைந்தால் அடுத்த ஊருக்குச் செல்லும். வடகிழக்குப் பகுதியில் இறுதியாக எஞ்சிய நீர் கழுவேலியில் சேர்ந்து மரக்காணம் பக்கத்தில் கடலை நாடும். ஆகவே மேலூரான் கரையை அசட்டை செய்தால் உடைப்பு அவனோடு நிற்பதில்லை. மேல் ஏரியின் வெள்ளம் முழுவதும் ஒரே இரவில் கீழ் ஏரியின்மேல் விழும், அக்கரையும் தாங்காது, இவ்விதம் ஓர் ஊரின் குற்றம் பத்து ஊரின் துன்பமாகும். தூர் மண்டினாலோ வேறு விதமான கேடு. அது ஓசையின்றி வருவது. ஆண்டுக்கு விரற்கிடை அளவு வண்டல் படிந்தாலும், இரண்டு மூன்று தலைமுறைக்குள் ஏரி கொள்ளும் நீர் பெரிதும் குறைந்து, இருபோகம் ஒருபோகமாகி, ஒருபோகம் தரிசாகும்.

ரயத்துவாரி முறையில் அரசாங்கமே நிலத்துக்கு மேலுரிமை கொண்டாடி, நஞ்சைக்கு மிகுந்த தீர்வை வாங்கியது. ஏரி நிறையாவிட்டால் ஜமாபந்தியில் தீர்வை வஜா கொடுக்கவேண்டியிருக்கும். எனவே ஏரி கெட்டால் குடியானவனுக்கு நெல் நஷ்டம், அரசாங்கத்துக்கோ பண நஷ்டம். இந்த எளிய கணக்கைத்தான் மூவர் குழுவினர் துரைத்தனத்தாருக்கு எடுத்துக்காட்டினார்கள். அவர்கள் கூற்றின் சாரம் மூன்று. முதலாவது: விளைவில் பெரும்பங்கை வாங்கும் அரசாங்கம், நிலச்சுவான்தாரைப் போல நிலத்தைச் சீர்ப்படுத்தவும் கடமைப்பட்டது, அவ்விதம் செய்யும் செலவு நஷ்டமாகாமல் லாபத்தோடு திரும்பும். இரண்டாவது: இராஜதானியில் வண்டி செல்லத்தக்க சாலைகள் அரிது, ஆகையால் ஓரிடத்தில் நெல் மலிந்து கிடக்க, மற்றோரிடத்தில் பஞ்சம் தாக்குகிறது. மூன்றாவது: சிதறிய வேலைகளையெல்லாம் ஒரே இலாகாவின்கீழ்க் கொண்டுவர வேண்டும்.

அப்போதைய நிலையை ஓர் எண்ணால் அறியலாம். 1850-களில் வங்காள இஞ்சினீயராகிய பேர்ட் ஸ்மித் வெளியிட்ட மதிப்பின்படி, சென்னை இராஜதானியின் 14 ஜில்லாக்களில் வழக்கிலிருந்த ஏரி முதலிய பாசன வேலைகள் சுமார் 43,000. பழுதுற்று வீழ்ந்து கிடந்தவை சுமார் 10,000. ஐந்தில் ஒன்று கெட்டுக் கிடந்தது என்பது பொருள். அவற்றுள் மிகப்பல கும்பினியார் வருமுன்பே நம் முன்னோர் தம் தோளால் மண் சுமந்து கட்டியவை. கட்டியதற்கு ஒரு காசும் கொடாதவர்கள் காப்பதற்கும் கைந்நீட்டவில்லை. ஜான் பிரைட் என்னும் புகழ்பெற்ற அங்கத்தினர் 1858-ல் பாராளுமன்றத்தில் பேசியபோது, 1834 முதல் 1848 வரை பதினான்கு ஆண்டுகளில் கும்பினியார் இந்தியா முழுவதும் பொது வேலைகளுக்குச் செலவிட்டதைக் காட்டிலும், மான்செஸ்டர் என்னும் ஒரே நகரம் தன் குடிநீருக்குச் செலவிட்ட தொகை அதிகம் என்று இடித்துரைத்தார்.

மூவர் குழு சொன்ன வண்ணமே 1850-களின் இறுதியில் சென்னையில் பொது மராமத்து இலாகா ஒரே இலாகாவாக ஏற்பட்டது. பீரங்கி மருந்தை எண்ணிப் பழகிய ஒருவர் ஏரிக்கரையின் செலவையும் வரவையும் எண்ணிப் பார்த்து, பழுது பார்ப்பதைக் காட்டிலும் பழுது பாராமல் விடுவதே அதிகச் செலவு என்று கண்டார். இதுவே அவர் கண்ட உண்மை என்று நாம் முன்னே குறித்தது.

தோளில் விழுந்த சுமை

அடுத்து நடந்ததையும் சொல்லவேண்டும். 1857-ம் ஆண்டுக் கிளர்ச்சியை அடக்கச் செய்த செலவால் இந்தியாவின் கடன் பெருகிற்று. அக்கடன் முழுவதும் நம் வருமானத்தின்மேலேயே சுமத்தப்பட்டது. படைச்செலவைக் குறைப்பதற்காக அமைந்த இராணுவ நிதி விசாரணைக்குப் பால்பர் தலைமை தாங்கி, 1862 வரை இராணுவ நிதி இலாகாவின் தலைவராயிருந்தார். மாமன் ஹியூம் இருந்து பார்த்திருந்தால் மகிழ்ந்திருப்பார்.

ஆனால் அதே வேளையில், 1858-ம் ஆண்டின் முதற் சட்டமாக, சென்னைக் கட்டாய உழைப்புச் சட்டம் என்று ஒன்று பிறந்தது. அதை வரைந்தவர் பால்பர் அல்லர். எனினும் அவருடைய குழு எழுப்பிய கேள்விக்கு அரசாங்கம் கொடுத்த விடைகளுள் அதுவும் ஒன்றென்றே கொள்ளலாம். ஏரிக்கரை உடையும் அபாயம் நேர்ந்தால், பக்கத்திலுள்ள உழைப்பாளி வகுப்பைச் சேர்ந்த திடகாத்திரமான ஆண்கள் யாவரையும் வேலைக்கு அழைக்கலாம் என்று அச்சட்டம் கூறிற்று. வழக்கமாகக் குடிகள் கூடிச் செய்யும் குடிமராமத்துக்கு வாராதவன், தன் பங்கு உழைப்பின் மதிப்பைப்போல் இருமடங்கு செலுத்த வேண்டும் என்றும் விதித்தது.

இதனை நம் அன்பர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டும். குடிமராமத்து என்பது பழமையான நல்வழக்கம். மாசி, பங்குனியில் ஏரி வற்றிய பின் ஊரார் கூடித் தூர் எடுப்பதும், வரத்துக்கால் வெட்டுவதும், கரைக்கு மண் போடுவதும் ஒருவர் சொல்லாமலே நடந்துவந்தன. அவ்வழக்கம் ஏன் தளர்ந்தது? ஏரியின்மேல் ஊராருக்கு இருந்த அதிகாரம் போய், தீர்வை மட்டும் நிலைத்தபடியால் தளர்ந்தது. அதிகாரத்தை மீட்டுக் கொடுக்காமல் உழைப்பை மட்டும் சட்டத்தால் மீட்க முயன்றார்கள். அச்சட்டத்தில் அழைக்கப்பட்டவர் உழைப்பாளி வகுப்பினர். கரையில் குடைபிடித்து நின்றவர் அழைக்கப்படவில்லை. நம் முன்னோர் இருந்தது எந்த வரிசையில் என்று நாம் எழுதிக்காட்ட வேண்டியதில்லை.

பாராளுமன்றத்தில்

பால்பர் தாயகம் சென்று, 1868 முதல் 1871 வரை யுத்த இலாகாவில் உயர்ந்த உத்தியோகம் வகித்து, 1870-ல் ஸர் பட்டம் பெற்றார். பின்பு 1872-ம் ஆண்டில், தாம் பிறந்த பக்கத்தைச் சேர்ந்த கின்கார்டின் என்னும் ஜில்லாவின் வாக்காளர்களால் லிபரல் கட்சியின் சார்பில் தேர்ந்தெடுக்கப்பட்டுக் காமன்ஸ் சபையில் அமர்ந்தார். 1892 வரை இருபது ஆண்டு அத்தொகுதிக்கு அவரே அங்கத்தினர். பட்டாளத்தில் படிப்படியாக உயர்ந்து 1877-ல் முழு ஜெனரலாகவும் ஆயினார். இந்தியாவின் வரவு செலவும் படைச் செலவும் சபையில் பேசப்பட்ட காலங்களில் அவர் அடிக்கடி எழுந்து பேசினார்.

ஆனால் அச்சபையில் இந்தியாவின் வரவு செலவு எப்போது பேசப்பட்டது? பெரும்பாலும் கூட்டத்தொடரின் இறுதியில், அங்கத்தினரெல்லாம் ஊருக்குப் புறப்படும் வேளையில், வெறும் ஆசனங்களுக்கு முன்னே பேசப்பட்டது. இருபது கோடிக்கு மேற்பட்ட மக்களின் பொருளைப் பற்றி விரல்விட்டு எண்ணத்தக்கவர் இருந்து கேட்டனர். திண்டிவனத்துக் குடியானவனுக்கு அங்கே வாக்கு இல்லை. அவனுடைய ஏரியைப் பற்றி அறிந்த ஒருவர் அங்கே பேசினாலும், அவர் விடை சொல்லவேண்டியது ஸ்காத்லாந்து வாக்காளருக்கேயன்றி நமக்கன்று.

அவர் பாராளுமன்றத்தில் இருந்தபோதுதான் 1876 முதல் 1878 வரை தாது வருஷத்துப் பெரும் பஞ்சம் சென்னை இராஜதானியைச் சூறையாடிற்று. மாண்டவர் லட்சக்கணக்கினர். அரசாங்கத்தின் தூதராக வந்த ஸர் ரிச்சர்டு டெம்பிள் என்பவர், நிவாரண வேலை செய்யும் ஆண் ஒருவனுக்கு நாளொன்றுக்கு ஒரு ராத்தல் தானியமும் ஓர் அணாவும் போதும் என்று கூலியைக் குறைத்தார். சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் கால்வாய் பஞ்ச நிவாரண வேலையாகவே வெட்டப்பட்டது. அக்காலத்துக் கவர்னர் பக்கிங்காம் பிரபுவின் பெயரால் வழங்கும் அக்கால்வாயின் தென்கோடி நம் மரக்காணமே. அவ்வழியே உப்பும் விறகும் நெடுங்காலம் படகில் சென்னைக்குச் சென்றன. சென்னையிலிருந்து செங்கற்பட்டு, திண்டிவனம் வழியாக விழுப்புரத்துக்கு ரயில் வந்ததும் 1870-களில்தான். 1879-ல் விழுப்புரத்திலிருந்து புதுச்சேரிக்குக் கிளை திறக்கப்பட்டது. இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன் மூவர் குழு கேட்ட போக்குவரத்து இவ்விதம் வந்தது. ஆனால் தானியம் உள்ளே வருவதற்கு உதவிய அதே ரயில், விலை உயர்ந்த இடத்துக்குத் தானியத்தை வெளியே கொண்டு போகவும் உதவிற்று. வழி இருந்தால் மட்டும் போதாது. வாங்கப் பணமும் வேண்டும், கேட்க வாயும் வேண்டும் என்பது பஞ்சம் கற்பித்த பாடம்.

1892-ம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் பால்பர் சபையை விட்டு நீங்கினார். அதே தேர்தலில்தான் தாதாபாய் நௌரோஜி இலண்டன் நகரத்து மத்திய பின்ஸ்பரித் தொகுதியிலிருந்து வென்று, இந்தியர் சார்பில் பேசும் இந்தியராக அச்சபையில் நுழைந்தார். ஒருவர் வெளியேற, மற்றவர் புகுந்தார். இந்தியாவைப் பற்றி ஆங்கிலேயரே பேசிய காலம் மாறி, இந்தியர் தமக்காகத் தாமே பேசும் காலம் தலைப்பட்டதற்கு இதனை ஓர் அடையாளமாகக் கொள்ளலாம். 1894-ம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் ஜெனரல் பால்பர் இலண்டனில் காலமானார்.

அதற்கு அரை நூற்றாண்டுக்குப் பின், 1947-ல், திண்டிவனத்துக்கு அருகிலுள்ள ஓமந்தூரைச் சேர்ந்த விவசாயியான இராமசாமி ரெட்டியார் சென்னை இராஜதானியின் பிரதம மந்திரியாகி, 1949 வரை அப்பதவியில் இருந்தார். ஏரிக்கரையில் வளர்ந்த ஒருவர் கோட்டையில் அமர்ந்தார். பால்பர் காலத்துக் கனவிலும் இது காணத்தக்கதன்று.

நாம் கொள்ளவேண்டியது

இவ்வரலாற்றை எடை போட்டுப் பார்ப்போம். பால்பர் நேர்மையான கணக்கர். அபின் யுத்தத்தில் ஊழியம் செய்தவர் என்னும் குறையை நாம் மறைக்கவில்லை. அன்னிய அரசாங்கத்தின் லாபத்தையே அளவுகோலாகக் கொண்டு நம் ஏரிகளை நோக்கினார் என்பதையும் மறைக்கவில்லை. இருந்தும், பழுது பாராமையே பெருஞ்செலவு என்று அவரும் அவருடைய நண்பர்களும் சொன்னது மெய். அவர்கள் காணத் தவறியது யாதெனில், ஏரியின் கணக்கை அதன் நீரை உண்பவனே பார்க்க வேண்டும் என்பது. மூவர் குழுவில் இஞ்சினீயர் இருந்தார், ரெவினியூ உத்தியோகஸ்தர் இருந்தார், பட்டாளத்து அதிகாரி இருந்தார். நாலாவது ஆசனத்தில் ஒரு குடியானவன் இருக்கவில்லை. அந்த நாலாவது ஆசனம் காலியாயிருந்தபடியால்தான் மராமத்து என்பது மேலேயிருந்து வரும் உத்தரவாகவும், குடிமராமத்து என்பது அபராதத்துக்கு அஞ்சிச் செய்யும் வேலையாகவும் ஆயின.

இன்று அந்த ஆசனம் நமக்கு உண்டு. 2000-ம் ஆண்டின் சட்டம் பாசனதாரர் தமக்குள் சங்கம் அமைத்துக்கொள்ள வழி செய்தது. குடிமராமத்து என்னும் பழம் பெயரால் 2017-ஐ ஒட்டி அரசாங்கம் ஒரு திட்டத்தையும் நடத்திற்று. கிராம சபையில் எழுந்து கேட்கும் உரிமை நம் ஒவ்வொருவருக்கும் இருக்கிறது. ஆனால் நாம் எழுந்து கேட்கிறோமா? 2024-ம் ஆண்டு நவம்பர் இறுதியில் பெஞ்சல் புயல் கரை கடந்தபோது, நம் மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 சென்டிமீட்டர் மழை பெய்தது. அப்பெருமழைக்கு எந்த ஏரியும் திணறும் என்பது உண்மையே. எனினும் கலிங்கல் அடைபட்டும், வரத்துக்கால் வீடாகியும், கரை மேய்ச்சலுக்குக் கரைந்தும் இருந்த ஏரிக்கும், ஒழுங்காகப் பேணிய ஏரிக்கும் வெள்ளம் ஒன்றாகத் தோன்றுமோ? மேலூரின் அசட்டை கீழூரின் அழிவு என்னும் பழைய விதி இன்றும் மாறவில்லை. ஏரிச் சங்கிலியில் சாதி பார்த்து நீர் இறங்குவதில்லை. மேலூரார் எக்குலத்தவராயினும், கீழூரார் எக்குலத்தவராயினும், ஒரு கரை உடைந்தால் இருவர் நெல்லும் ஒருங்கே போகும். ஆதலால் இவ்வேலையில் நம் சங்கம் தன் குலத்தார் எல்லையோடு நில்லாமல், அண்டை ஊரார் யாவரையும் சேர்த்துக்கொண்டு நடத்தல் வேண்டும்.

எமது வேண்டுகோள் பெரிதன்று. நம் சங்கத்தின் ஒவ்வொரு கிளையாரும் தம் தம் ஊர் ஏரிக்கு ஒரு கணக்குப் புத்தகம் வைக்கவேண்டும். ஏரியின் பெயர், ஆயக்கட்டின் அளவு, மதகு எத்தனை, கலிங்கல் எத்தனை, நீர் எவ்வூரிலிருந்து வருகிறது, எவ்வூருக்குப் போகிறது, கடைசியாக எவ்வாண்டில் எவர் மராமத்துச் செய்தார் என்பனவற்றை முதியவர்களைக் கேட்டு எழுதவேண்டும். ஆண்டுதோறும் பங்குனியில் கரையைச் சுற்றி நடந்து, கண்ட பழுதைக் குறித்து, கிராம சபையில் அப்புத்தகத்தோடு எழுந்து கேட்கவேண்டும். கணக்குத் தெரிந்தவன் கேள்விக்கு விடை சொல்லாமல் தப்புவது எவர்க்கும் அரிது. ஹியூம் எழுந்தால் மந்திரிகள் அஞ்சினார்கள் என்று மேலே சொன்னோம். அவரிடம் வாள் இருந்தபடியால் அன்று, கணக்கு இருந்தபடியால்.

நம்மோடு கரையில் நின்ற அம்முதியவருடைய ஊரில் முதற் புத்தகத்தைத் தொடங்கிவிட்டோம். அதன் முதல் ஏட்டில் அவர் சொன்ன சொல்லையே எழுதினோம். அடுத்த ஏட்டில் மராமத்து நடந்த ஆண்டை எழுதும் நாள் விரைவில் வருக என்று வேண்டி, இவ்வியாசத்தை முடிக்கிறோம்.